இரண்டாவது முறை கதவைத் தட்டியவள்

முப்பத்திரண்டு வயதில் ஓய்வு பெற்றவள் என்று சொன்னால் சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும். நான் பார்த்த வேலையே இப்போது இல்லை. வேலை போன பிறகு அதைப் பார்த்தவளை வேறு எப்படி அழைப்பது? எங்கள் பழைய ஆய்வுக் குழுவின் வாட்ஸப்பில் புதிதாகச் சேர்ந்த பிள்ளைகள் என்னை "ரிட்டயர்டு அக்கா" என்றுதான் கூப்பிடுகிறார்கள். போன வாரம் அதில் ஒருத்தி கேட்டாள்: "அக்கா, பேக்-செக்குன்னு ஒரு வேலை இருந்துச்சாமே, அது எதுக்கு? இப்ப மேப்புல புள்ளி விழுதுல்லா? சந்தேகம்னா போன் போட்டுக் கேட்டுருதாங்க. நீங்க நேர்ல போயி என்னத்தப் பாப்பீங்க?"

புள்ளி, கணக்கெடுக்க வந்தவன் அந்த வீட்டு வாசலில் நின்றான் என்று சொல்லும். அந்த வீட்டில் இருப்பவர்கள் அவனை யார் என்று நினைத்தார்கள் என்று சொல்லாது. இதைத்தான் அவளுக்கு எழுத உட்கார்ந்தேன். வாட்ஸப்புக்குள் அடங்கவில்லை.

எங்கள் வீட்டில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். அப்பா துறைமுகத்தில் சுமை இறக்கியவர். அம்மா உப்பளத்தில் உப்பு வாரியவள். முத்தையாபுரத்திலிருந்து தினமும் பஸ் ஏறித் தூத்துக்குடியில் கல்லூரிக்குப் போய்ப் பொருளாதாரம் படித்தேன். படித்து முடித்ததும் கிடைத்த வேலை, மாவட்டத்தின் மனித மேம்பாட்டைக் கணக்கெடுக்கும் ஒரு ஆய்வு நிறுவனத்தில். ஒரு மாதப் பயிற்சி. அதில் சொல்லிக்கொடுத்ததைச் சுருக்கமாகச் சொன்னால்: கேள்வியை எழுதியிருப்பதுபோலவே கேள், பதிலுக்குத் தலையாட்டாதே, வீட்டுக்காரர் கொடுக்கும் நாற்காலியில் உட்கார், கொடுக்காவிட்டால் நில்.

முதல் ஆறு மாதம் மற்றவர்களைப்போல வீடு வீடாகப் போய்க் கேள்வி கேட்டேன். அதற்குள் என்னைப் பற்றி ஒன்று கண்டுபிடித்துவிட்டார்கள். யார் என்ன சொன்னாலும் நான் நம்புவதில்லை. ஆகவே என்னைப் பேக்-செக்கில் போட்டார்கள். ஒருவர் கணக்கெடுத்துவிட்டுப் போன வீடுகளில் சிலவற்றுக்குச் சில நாள் கழித்து இன்னொருவர் போக வேண்டும். அதே கேள்விகளில் கொஞ்சத்தை மறுபடி கேட்க வேண்டும். இரண்டு பதிலும் ஒத்துப்போனால் டேப்லெட்டில் "பொருந்துகிறது". இல்லையென்றால் "பொருந்தவில்லை". மூன்றாவது பொத்தான் கிடையாது. சந்தேகப்படுவதற்குச் சம்பளம் தரும் வேலை உலகத்தில் எத்தனை பேருக்குக் கிடைக்கும்? நான் பெருமையாகத்தான் போனேன்.

போன இடத்தில் எல்லாம் மக்களும் என்னைச் சந்தேகப்பட்டார்கள். ஆதிச்சநல்லூரில் ஒரு பெரியவர் நான் வாயைத் திறக்குமுன் சொன்னார்: "எங்கிட்ட நெலம் ஒரு சென்டு கெடையாது. பானையும் கெடையாது. தோண்டுனா கல்லுதான் வரும்." தொல்லியல் ஆட்கள் அவருடைய தோட்டத்தை எடுக்க வந்துவிட்டார்கள் என்று நினைத்துவிட்டார். நான் கேட்க வந்தது வீட்டில் கக்கூஸ் இருக்கிறதா என்று. அதற்கும் அவர் கொஞ்சம் யோசித்து, "அதுவும் கெடையாது" என்றார். கக்கூஸ் கதவு அவர் முதுகுக்குப் பின்னால் நீலநிறத்தில் தெரிந்தது.

ஆத்தூரில் ஒரு வெற்றிலைக்காரர் வீட்டில் வண்டி இல்லை என்று சொன்னார்கள். முற்றத்தில் ஈரச் சாக்குப் போட்டு மூடிய வெற்றிலைக் கட்டு ஒன்று இருந்தது. அதற்கு இரண்டு சக்கரம் இருந்தது. நான் அதையே பார்ப்பதைப் பார்த்த வீட்டுக்கார அம்மா, "வெத்தல வாடிருமுல்லா, அதான் மூடிப் போட்டிருக்கு" என்றாள். இதெல்லாம் சின்னப் பொய்கள். எதையாவது எடுத்துக்கொண்டு போக வந்திருக்கிறார்கள் என்று நினைப்பவர்கள் சொல்லும் பொய்கள். அதைக் கண்டுபிடிப்பது எளிது. எனக்கு அதில் அலுப்பே வந்துவிட்டது.

எங்களுக்கு மேலே, மேற்பார்வையாளராக, கிரேஸ் மேடம். நாசரேத்துப் பக்கம். அப்பா, தாத்தா எல்லாரும் மிஷன் பள்ளிக்கூடத்து ஆசிரியர்கள். குரலை உயர்த்தியே நான் கேட்டதில்லை. எந்த வெயிலிலும் பிளாஸ்க்கிலிருந்து வெந்நீர்தான் குடிப்பார். கைக்கடிகாரத்தை மணிக்கட்டின் உள்பக்கமாகக் கட்டியிருப்பார். நேரம் பார்க்கிறார் என்று எதிரில் இருப்பவருக்குத் தெரியாது. யாரையாவது திட்ட வேண்டுமென்றால் முதலில் பாராட்டுவார். "உன் கையெழுத்து அழகா இருக்கு" என்று சொன்னால் உன் கணக்கில் தவறு இருக்கிறது என்று அர்த்தம். இதனாலேயே அவர் உண்மையாகப் பாராட்டினாலும் நான் நம்பியதில்லை.

ஆனால் கள்ளக் கணக்கைப் பிடிப்பதில் அவரைப்போல ஒருவரை நான் பார்த்ததில்லை. வீட்டுக்குப் போகாமலே டீக்கடையில் உட்கார்ந்து பதிலை நிரப்பிவிட்டான் என்று ஒருவன்மேல் சந்தேகம் வந்தால், அவன் எழுதிய பதில்களைப் பற்றி ஒரு கேள்வியும் கேட்க மாட்டார். எதிரில் உட்காரவைத்து, வெந்நீர் ஊற்றிக்கொடுத்து, "அந்த வீட்டு வாசல் எந்தப் பக்கம் பாத்திருந்துச்சு? உள்ள போனதும் முதல்ல கண்ணுல பட்டது என்ன? தண்ணி எதுல குடுத்தாங்க?" என்று கேட்பார். கணக்கை இட்டுக்கட்டுகிறவன் பதிலை மட்டும்தான் இட்டுக்கட்டுவான். தண்ணீர்ச் செம்பை இட்டுக்கட்டத் தோன்றாது. மூன்றாவது கேள்விக்குள் அவன் கண் தரையைப் பார்க்கும். "சரி, அப்படியே வச்சுக்குவோம்" என்று கிரேஸ் மேடம் சொன்னால் மறுநாள் அவன் வர மாட்டான்.

இப்போது அளத்தங்கரைக்கு வருகிறேன். புதுப் பிள்ளைகள் கேட்க வேண்டியது இதைத்தான்.

அளத்தங்கரை என்பது முத்தையாபுரத்துக்குக் கிழக்கே உப்பளத்தை ஒட்டிய குடியிருப்பு. அங்கிருந்து பார்த்தால் துறைமுகத்துக் கிரேன்கள் தெரியும். ராத்திரி அவற்றின் விளக்கில் ஊரே வெளிச்சமாக இருக்கும். குடிக்கும் தண்ணீர் லாரியில் வரும். எங்கள் மாவட்டம் முன்னேறிய மாவட்டம் என்று எல்லா அறிக்கையிலும் இருக்கும். துறைமுகம் இருக்கிறது, ஆலைகள் இருக்கின்றன, நாலுவழிச் சாலை இருக்கிறது. சராசரி எடுத்தால் அளத்தங்கரையும் முன்னேறியதுதான். அதனால்தான் சராசரி என்று யாராவது சொன்னால் அவர் எதை மறைக்கிறார் என்று எனக்குத் தோன்றும்.

அந்த வருடக் கணக்கெடுப்புக்கு ஒரு பலன் இருந்தது. அந்த வட்டாரத்தில் ஒரு சுகாதார நிலையம் வரப்போகிறது. வாரம் ஒருமுறை கண் மருத்துவரும் வருவார். ஒன்றே ஒன்றுதான். அளத்தங்கரைக்கா, கடற்கரையோரம் இருந்த ஒரு மீனவர் கிராமத்துக்கா என்பதை எங்கள் கணக்கில் எந்த ஊரில் நோய் அதிகம் என்று வருகிறதோ அதை வைத்து முடிவு செய்வார்கள்.

அளத்தங்கரையில் கணக்கெடுத்தவன் ஜெரால்டு. கடற்கரைப் பையன், வாயாடி, வேலையில் கெட்டி. அவனுடைய கணக்கில் ஊருக்கே ஒரு நோயும் இல்லை. கால் வெடிப்பு இல்லை, மயக்கம் இல்லை, கண்ணில் குறை இல்லை. நான் போய்க் கேட்ட வீடுகளிலும் அதே பதில்தான். எல்லாம் பொருந்தியது. எனக்கு அதுதான் உறுத்தியது. உண்மை சொல்கிறவர்கள் ஒரே கேள்விக்கு இரண்டு நாளில் இரண்டு விதமாகச் சொல்வார்கள். மகனுக்குக் காய்ச்சல் வந்தது ஆடியிலா ஆவணியிலா என்று மாற்றிச் சொல்வார்கள். இங்கே ஒரு வார்த்தை பிசகவில்லை. "ஒரு கொறையும் இல்ல. எல்லாம் நல்லாத்தான் இருக்கு." வீட்டுக்கு வீடு இதே வாக்கியம்.

முதலில் ஜெரால்டைத்தான் சந்தேகப்பட்டேன். ஒரே பதிலை எல்லா வீட்டுக்கும் போட்டுவிட்டு, நான் வருவதற்குள் போய் இப்படிச் சொல்லுங்கள் என்று சொல்லி வைத்துவிட்டானோ? கிரேஸ் மேடத்தின் கேள்விகளை அவனிடம் எடுத்தேன்.

"கடைசி வீட்டு வாசல் எந்தப் பக்கம்?"

"வடக்க. வாசல்ல ஒரு வெள்ளாடு கெட்டிக் கெடக்கும். எம் பேண்ட கடிச்சிச்சு, பாருங்க." காட்டினான்.

"தண்ணி எதுல குடுத்தாங்க?"

"தண்ணி குடுக்கல. லாரி வரலன்னு கருப்பட்டிக் காப்பி குடுத்தாவ. எவர்சில்வர் தம்ளரு, அடியில ஒடுங்கிக் கெடந்துச்சு." பிறகு சிரித்தான். "அக்கா, ஒங்களக் கட்டிக்கப் போறவரு பாவம். வேலைக்குப் போயிட்டு வந்தா ஆபீசு வாசல் எந்தப் பக்கம்னு கேப்பீய."

அவன் போயிருக்கிறான். சந்தேகப்பட்டதற்கு நான் வருத்தப்படவில்லை. அதற்குத்தான் என்னை வைத்திருந்தார்கள். ஜெரால்டு சரியென்றால் சந்தேகம் அடுத்த இடத்துக்குப் போக வேண்டும். மறுபடி அளத்தங்கரைக்குப் போனேன்.

கடைசி வீடு முத்துக்கனியுடையது. ஐம்பது வயதிருக்கும். கணவன் இல்லை, மகன் கேரளாவில் கொத்தனார் வேலை. தனியாக இருந்தாள். நான் கேட்டதற்கெல்லாம் ஊருக்கே உரிய அந்தப் பதிலைச் சொல்லிவிட்டு, "இரி, காப்பி குடிச்சிட்டுப் போ" என்று உள்ளே போனாள். அடுப்பிலிருந்து இறக்கிய காப்பியைத் தம்ளரில் ஊற்றும்போது ஆள்காட்டி விரலை விளிம்புக்கு உள்ளே விட்டுக்கொண்டாள். கொதிக்கும் காப்பி விரலைத் தொட்டதும் ஊற்றுவதை நிறுத்தினாள். விரலை உதறவில்லை. சேலையில் துடைத்துவிட்டு, நான் இருந்த இடத்துக்குக் கொஞ்சம் இடதுபுறமாகத் தம்ளரை நீட்டினாள்.

நான் நகர்ந்து வாங்கிக்கொண்டேன். "சித்தி, கண்ணு நல்லாத் தெரியுதுல்லா?" என்று மறுபடி கேட்டேன்.

"நல்லாத் தெரியுது. நீ மஞ்சக் கலரு உடுத்திருக்க."

நான் பச்சை உடுத்தியிருந்தேன். பக்கத்து வீட்டு இசக்கி வாசலில் வந்து நின்றாள். பத்தொன்பது வயதுப் பெண், அதே உப்பளத்தில் வேலை பார்ப்பவள். "கேட்டு முடிஞ்சிட்டுல்லா? பொறவு என்ன?" என்றாள். அவள் பார்வையில் இருந்தது பயமில்லை. என்னை எடைபோட்டுக்கொண்டிருந்தாள்.

வேலை செய்யும் இடத்துக்குப் போய்ப் பார்ப்பது எங்கள் விதியில் இல்லை. ஆனால் உப்பளத்து வரப்பு பொது வழி. மறுநாள் விடியும் நேரத்தில் அதில் நான் நின்றேன். உப்பளத்தில் வெயிலுக்கு முன்பே வேலை தொடங்கிவிடும். குடியிருப்பிலிருந்து பெண்கள் வரிசையாக வந்தார்கள். வரப்பு ஒரு ஆள் நடக்கும் அகலம். இரண்டு பக்கமும் பாத்திகளில் உப்புத் தண்ணீர். இசக்கி முன்னால், முத்துக்கனி அவளுக்குப் பின்னால். இசக்கி வாய் ஓயாமல் பேசிக்கொண்டே வந்தாள். டிவி நாடகத்தில் மாமியார் விஷம் வைத்த கதை, கல்யாண வீட்டில் கறி தீர்ந்துபோன கதை, நடுவில் "இங்கன ஒடஞ்சி கெடக்கு, காலத் தூக்கி வையிங்க", உடனே மறுபடி மாமியார். இந்தப் பிள்ளைக்கு விடிந்ததும் விடியாததுமாக இவ்வளவு பேச்சா என்று நினைத்தேன். அந்தப் பேச்சைப் பிடித்துக்கொண்டுதான் முத்துக்கனி நடக்கிறாள் என்று புரியக் கொஞ்ச நேரமாயிற்று.

உப்பு வாரத் தொடங்கியதும் அவளை நடுவில் நிறுத்திக்கொண்டார்கள். இரண்டு பக்கத்துப் பெண்களும் தங்கள் பாத்தியை வாரிவிட்டுப் பலகையை அவள் பாத்திக்குள்ளும் நீட்டினார்கள். கங்காணி மோட்டார் சைக்கிளில் வந்து தூரத்தில் நின்று தலைகளை எண்ணினான். தலை சரியாக இருந்தது. போய்விட்டான்.

எனக்கு இது தெரிந்த வழக்கம். அம்மாவின் பாதத்தை உப்பு அறுத்த நாட்களில் அவள் பாத்தியைப் பக்கத்தில் நின்றவர்கள்தான் வாருவார்கள். கங்காணி கேட்டால் எல்லார் வாயிலும் ஒரே பதில் வரும். ஒருத்திக்கு முடியவில்லை என்று தெரிந்தால் மறுநாள் அவளுக்கு வேலை இல்லை. ஆகவே யாருக்கும் எதுவும் ஆகாது. வீட்டுக்கு வீடு நான் கேட்ட வாக்கியம் அந்தப் பதில்தான். ஆனால் கங்காணிக்குச் சொல்ல வேண்டியதை எனக்கு ஏன் சொல்கிறார்கள்?

மத்தியானம் தண்ணீர் லாரி வந்த இடத்தில் இசக்கி என்னைப் பிடித்துக்கொண்டாள். சுற்றிலும் குடத்தோடு பெண்கள்.

"ஏளா, நீ காலைல வரப்புல நின்னு பாத்தியே, அத யாருகிட்டச் சொல்லப் போற?"

"யாருகிட்டயும் சொல்லல."

"சொல்லாமலா ஒனக்குச் சம்பளம் குடுக்காங்க?"

சிரித்தார்கள். எனக்குக் கோபம் வந்தது. "எங்க அம்மையும் உப்பு வாருனவதான்" என்றேன்.

"அப்பம் ஒனக்கு எல்லாம் தெரியும்லா. தெரிஞ்சவ எதுக்கு வந்து தோண்டுத?"

"இது மொதலாளி எடுக்குற கணக்கு இல்ல. அவருக்கும் எங்களுக்கும் ஒரு சம்பந்தமும் கெடையாது."

இந்த முறை இன்னும் பலமாகச் சிரித்தார்கள். முத்துக்கனி மட்டும் சிரிக்கவில்லை. என் குரல் வந்த பக்கம் முகத்தைத் திருப்பிச் சொன்னாள்: "சம்பந்தம் இல்லன்னா ஒங்க வண்டி ஏன் அவரு ஷெட்டுல நிக்கி? ஒங்க ஆளுவ அங்கனதானே ஒக்காந்து சோறு தின்னாவ? நாங்க வேல முடிஞ்சி அந்த வழியாத்தான வாரோம்."

உப்பளத்து முதலாளியின் ஷெட்டில்தான் எங்கள் குழு தங்கியிருந்தது. அந்தப் பொட்டலில் வேறு நிழல் இல்லை. மத்தியானச் சாப்பாடு அங்கேதான். டேப்லெட்டுகளுக்குச் சார்ஜ் போட்டதும் அவருடைய மேசையில்தான். வேலை முடிந்து வரும் ஒவ்வொரு பெண்ணும் அதைப் பார்த்துக்கொண்டே வீட்டுக்குப் போயிருக்கிறாள். சாயங்காலம் அதே டேப்லெட்டோடு ஜெரால்டு வாசலில் நின்று, உங்கள் வீட்டில் யாருக்காவது கண் தெரியவில்லையா என்று கேட்டிருக்கிறான். அந்தப் பெண்கள் பதில் சொன்னது அவனுக்கு இல்லை.

"பின்ன எதுக்குத்தான் இந்தக் கணக்கு?" என்று இசக்கி கேட்டாள்.

கணக்கெடுப்பின் நோக்கத்தைக் கேட்டால் சொல்லலாம், விதி இருக்கிறது. சொன்னேன். நோய் இருக்கிறது என்று வந்தால் சுகாதார நிலையம் வரும், கண் மருத்துவர் வருவார், இல்லையென்றால் கடற்கரைக்குப் போய்விடும் என்று சொன்னேன்.

"எங் கண்ணு தெரியலன்னு நான் சொன்னா, அது அந்த ஷெட்டுக்குப் போகாதுன்னு ஒன்னால சொல்ல முடியுமா?" என்று முத்துக்கனி கேட்டாள்.

பெயர்கள் வெளியே போகாது என்பதும் விதி. ஆனால் எங்கள் டேப்லெட் அவர் மேசையில் சார்ஜ் ஆனது என்று தெரிந்த பிறகு அந்த விதியை நான் எந்த வாயால் சொல்வது?

"ஆசுபத்திரி வாரது எப்பமோ. கங்காணி நாளைக்கே வாரான்" என்றாள். "வேல போனா பொறவு இந்தக் கண்ணு எனக்கு எதுக்கு?"

அன்று சாயங்காலமே தூத்துக்குடியில் எங்கள் அலுவலகத்துக்குப் போனேன். கிரேஸ் மேடம் வழக்கம்போல வெந்நீர் ஊற்றினார்.

"எல்லாம் பொருந்தியிருக்கே, மாரிச்செல்வி. இவ்வளவு சுத்தமான பேக்-செக் நான் பாத்ததில்ல."

பாராட்டு. நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். "மேடம், அந்த ஷெட்டை நாம கேட்டோமா, அவரே குடுத்தாரா?"

"நிழல் வேற எங்க இருந்துச்சு? பிள்ளைங்க வெயில்ல மயங்கி விழணுமா?"

"கேட்டோமா, குடுத்தாரா மேடம்?"

"ரெண்டுக்கும் என்ன வித்தியாசம்?"

"கேட்டிருந்தா அது நம்ம தப்பு. அவரா குடுத்திருந்தா அது வேற."

அவர் மணிக்கட்டைத் திருப்பிக் கடிகாரத்தைப் பார்த்தார். இந்தக் கேள்விக்கு அவர் கடைசிவரை பதில் சொல்லவில்லை. தொழிலாளிகளுக்கு நோய் என்று அரசுக் கணக்கில் ஏறினால் முதலாளிக்குத் தொந்தரவு வரும். அது மேடத்துக்குத் தெரியாமலா இருக்கும்? தெரிந்தேதான் சம்மதித்தாரா, இல்லை வெயிலைப் பார்த்துப் பரிதாபப்பட்டு மட்டும்தான் சம்மதித்தாரா? கள்ளக் கணக்கை அப்படிப் பிடிக்கும் ஒருவருக்கு இது மட்டும் எப்படித் தோன்றாமல் போயிற்று?

வேறு சிக்கலும் இருந்தது. விதிப்படி அந்தக் கணக்கில் குறையே இல்லை. இரண்டு பதிலும் பொருந்துகின்றன. நான் கண்ணால் பார்த்ததை எழுத டேப்லெட்டில் இடமில்லை. கணக்கை ரத்து செய்ய ஒரே வழி, பதில் சொல்கிறவர்கள் தங்கள் முதலாளிக்குப் பயந்து பேசும்படி நாங்களே செய்துவிட்டோம் என்று எழுதித் தருவது. அப்படி ரத்தானால் அளத்தங்கரையை விட்டுவிட்டு வேறு ஊரை எடுத்துக்கொள்ளவும் தலைமை அலுவலகம் சொல்லலாம். அதே ஊரை மறுபடி எடுக்க வேண்டும் என்று மேற்பார்வையாளர் பரிந்துரைத்தால்தான் உண்டு.

"மறுபடி போனா அவங்க உண்மையைச் சொல்வாங்கன்னு நீ கையெழுத்துப் போடுவியா?" என்று கேட்டார்.

லாரிப் பக்கத்தில் முத்துக்கனி சொன்னது காதில் இருந்தது. எந்த ஆதாரமும் என்னிடம் இல்லை. "போடுவேன்" என்றேன்.

அவர் கம்ப்யூட்டரைத் தன் பக்கம் இழுத்து நிதானமாகத் தட்டினார். நான் எதிரில் இருந்து எட்டிப் பார்த்தேன். ஷெட்டைத் தேர்ந்தெடுத்தது மேற்பார்வையாளர் என்று தன் பெயரைப் போட்டிருந்தார். ஜெரால்டின் பெயர் எங்கும் இல்லை. "அவன் பாவம், சாப்பிடச் சொன்ன இடத்துல சாப்பிட்டான்" என்றார். அது நல்ல மனதா, அல்லது நான் மேலே போய்ச் சொல்வதற்குமுன் தானே சொல்லிவிடுவது பாதுகாப்பு என்ற கணக்கா? அடுத்த மாதம் அவரை மதுரைக்கு மாற்றிவிட்டார்கள். நல்ல மனதா, கணக்கா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. போன் பண்ணிக் கேட்டால் என் கையெழுத்தைப் பாராட்டுவார்.

அளத்தங்கரையில் புதிதாகக் கணக்கெடுக்க வெளி மாவட்டத்திலிருந்து ஒரு குழு வந்தது. தண்ணீர் லாரி நிற்கும் இடத்தில் தார்ப்பாய் கட்டி உட்கார்ந்தார்கள். கட்டுச்சோறு கொண்டுவந்து சாப்பிட்டார்கள். கணக்கு முடிந்ததும் அதன் தலைவர் எனக்குப் போன் செய்தார். குரலில் எரிச்சல். "என்னம்மா ஊரு இது? ஒரு பொம்பளைக்கும் கண்ணு தெரியலங்குறாங்க. ஒருத்தி பாக்கி இல்ல. வந்து பாரு."

போனேன். முதல் வீடு இசக்கியுடையது. வாசலில் உட்கார்ந்து தலையில் ஈர் உருவிக்கொண்டிருந்தாள்.

"கண்ணில் குறை ஏதாவது இருக்கிறதா?" எழுதியிருப்பதுபோலவே கேட்டேன்.

"இருக்கு. சரியாத் தெரியல."

"எவ்வளவு நாளாக?"

"வெயில்லயும் உப்புலயும் நின்னு வேல பாத்தா எவளுக்கு நல்லாத் தெரியும்? ரொம்ப நாளாத்தான்." கழுத்தை நீட்டினாள். "சீக்கிரம் கேளு. அந்தா எம் பஸ்சு வருது. சன்னலு பக்கம் எடமிருக்கு."

நான் திரும்பிப் பார்த்தேன். தூரத்தில் சாலைப் பாலத்துக்கு அந்தப் பக்கம் ஏதோ ஒன்று புழுதியோடு நகர்ந்தது. பஸ்ஸா லாரியா என்றே எனக்குத் தெரியவில்லை.

"பஸ்ஸு தெரியுதோ ஒனக்கு?"

"சத்தம் கேக்கு" என்றாள். ஒரு சத்தமும் இல்லை. அவள் என்னை நேராகப் பார்த்தாள். நானும் பார்த்தேன்.

ஒவ்வொரு வீட்டிலும் அதே பதில்தான். கல்யாணமாகி வந்து மூன்று மாதம்கூட ஆகாத பெண், மீனுக்கு முள் எடுத்துக்கொண்டே கண் தெரியவில்லை என்றாள். கடைசி வீட்டில் முத்துக்கனி, "எல்லாரயும்போலத்தான் எனக்கும்" என்றாள். கண் சரியில்லாதவளை நிறுத்துவதென்றால் இனி அந்த உப்பளத்தில் உப்பு வார ஒருத்தி இருக்க மாட்டாள். கங்காணியால் யாரையும் பிரித்தெடுக்க முடியாது. உண்மையைச் சொல்லிவிட்டாள் முத்துக்கனி. மற்றவர்கள் தங்கள் பொய்களை அவளைச் சுற்றி நிறுத்தியிருந்தார்கள்.

பொருந்துகிறதா, பொருந்தவில்லையா? ஜெரால்டையும் கிரேஸ் மேடத்தையும் சந்தேகப்பட்ட நான் இவர்களை விட்டுவிட முடியுமா? ஆனால் நான் வைத்தியர் இல்லை. அவர்கள் புதுக் குழுவிடம் சொன்னதையும் இப்போது என்னிடம் சொன்னதையும் ஒப்பிட வந்தவள். இரண்டும் ஒன்றாகவே இருந்தன. "பொருந்துகிறது" என்று அழுத்தினேன். வீடு வீடாக அழுத்தினேன். அந்த ஊரின் கணக்கில் என் பெயர் இருப்பதில் இன்றும் எனக்குப் பெருமைதான்.

சுகாதார நிலையம் அளத்தங்கரைக்கு வந்தது. கண் மருத்துவரும் வருகிறார். ஒன்றை மட்டும் சொல்ல வேண்டும். அது வராமல் போன கடற்கரைக் கிராமத்திலும் பெண்கள் இருக்கிறார்கள். அவர்கள் சொன்ன நோய்கள் உண்மையாக இருந்திருக்கலாம். இரண்டு ஊருக்கும் தேவைப்படுவதை ஒரு ஊருக்கு மட்டும் வைத்துவிட்டு, யாருக்கு நோய் அதிகம் என்று போட்டி வைத்தது யார்? அவரை யாரும் பேக்-செக் பண்ணவில்லை. அந்தக் கிராமத்துப் பக்கம் நான் அதன்பிறகு போகவில்லை.

எங்கள் பிரிவை மூடிய பிறகு ஒருநாள், வேலையில்லாத ஆளாக, கையில் டேப்லெட் இல்லாமல் அளத்தங்கரைக்குப் போனேன். முத்துக்கனி வாசலில் முறத்தில் அரிசி வைத்துக் கல் பொறுக்கிக்கொண்டிருந்தாள். ஒரு கண்ணில் ஆபரேஷன் ஆகியிருந்தது. இன்னொன்று ஒன்றும் செய்ய முடியாத நிலைக்குப் போய்விட்டதாம். வேலைக்குப் போகிறாள். நான் பேசியதும் முறத்தைக் கீழே வைத்துவிட்டு என்னையே பார்த்தாள்.

"ஏளா, நீதானா அது? கொரலக் கேட்டு நாப்பது வயசிருக்கும்னு நெனச்சேன். இந்தச் சின்னப் பிள்ளயா எங்கள அந்தப் பாடு படுத்துனது?"

"நான்தான் சித்தி."

"இப்ப யாருக்கு வேல பாக்க?"

"யாருக்கும் இல்ல. சும்மா வந்தேன்."

"சும்மாவா?" என்றாள். நம்பவில்லை. நானாக இருந்தாலும் நம்பியிருக்க மாட்டேன்.

கேட்காமல் இருக்க முடியவில்லை. "இப்ப கண்ணு நல்லாத் தெரியுதா?" என்றேன்.

அவள் கழுத்தை நீட்டி, என் தோளுக்கு மேலாக, நான் வந்த பாதையைக் கடைசிவரை பார்த்தாள். பிறகு அந்தப் பக்கம், இந்தப் பக்கம்.

"ஒருத்தரும் இல்ல" என்றாள். "ம். தெரியுது."